வழுவும்

ஒரு சொல்லுக்குச் சரியான தமிழ் கிடைக்காவிட்டால் எனக்கு அன்று சாப்பாடு இறங்காது. இது ஒரு பலவீனம் என்று என் கணவர் சொல்வார். சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்ப்பார். பிறகு, "நல்ல பலவீனம்தான்" என்று சேர்த்துக்கொள்வார்.

நீங்கள் கேட்டதற்கு வருகிறேன் மேடம். அதற்கு முன்னால் ஒரே ஒரு சொல்லைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். அதை விட்டுவிட்டுத் தொடங்கினால் நான் ஏதோ கெட்ட எண்ணத்தில் செய்தேன் என்று உங்களுக்குத் தோன்றிவிடும். எழுதிக்கொள்பவர் மெதுவாகவே எழுதட்டும். எனக்கு அவசரம் இல்லை.

என் வேலை மருந்துத் தாள்களை மொழிபெயர்ப்பது. மருந்துப் பெட்டியைத் திறந்தால் உள்ளே பல மடிப்பாக மடித்த ஒரு மெல்லிய தாள் இருக்கும். எறும்பு ஊர்ந்தது போன்ற எழுத்து. எல்லோரும் அதைக் கசக்கிக் குப்பையில் போட்டுவிட்டு மருந்தை மட்டும் எடுத்துக்கொள்வார்கள். அந்தத் தாளின் தமிழ்ப் பக்கம் எங்கள் அலுவலகத்தில் உருவாகிறது. ஒரு மாடியறை, சில மேசைகள், சுவர் முழுக்க அகராதிகள், எப்போதும் முனகிக்கொண்டிருக்கும் ஒரு வெந்நீர்க் குடுவை. எங்கள் மொழிபெயர்ப்பைத் திருத்தும் ஆசிரியருக்குக் கமா சார் என்று பட்டப்பெயர். எந்த வாக்கியத்தைக் கொடுத்தாலும் ஒரு கமாவாவது போட்டுத்தான் திருப்பித் தருவார். வீட்டில் மனைவியோடு சண்டை போடும்போதுகூட நடுநடுவே நிறுத்தி நிறுத்தித்தான் போடுவார் என்று நாங்கள் சிரித்துக்கொள்வோம். நாங்கள் என்றால், மற்றவர்கள். நான் உள்ளே நுழைந்ததும் எல்லோரும் வேலையில் மூழ்கிவிடுவார்கள். என்னிடம் அவர்களுக்கு அப்படி ஒரு மரியாதை.

போன கோடை தொடங்கும் முன் ஒரு தாளில் 'லேபைல்' என்ற சொல் வந்தது. அறிவியலில் அபூர்வமாகத் தலைகாட்டும் ஒரு பெயரடை. ஒரே சொல், போகுமிடமெல்லாம் வேறு வேறு வேலை பார்க்கும். வேதியியல் படித்தவர் ஒரு பொருளைப் பற்றி அப்படிச் சொன்னால், சற்றுச் சூடு பட்டாலோ வெளிச்சம் பட்டாலோ அது வேறொன்றாகிவிடும் என்று அர்த்தம். ரத்த அழுத்தத்தைப் பற்றி மருத்துவர் சொன்னால், அது காலையில் ஒன்றும் மாலையில் ஒன்றுமாக ஏறி இறங்குகிறது. மனநல மருத்துவர் சொன்னால், இந்த நிமிடம் சிரித்துக்கொண்டிருக்கும் ஆள் அடுத்த நிமிடம் எப்படி இருப்பார் என்று யாராலும் சொல்ல முடியாது. மணலைப் பற்றிக்கூட அப்படிச் சொல்பவர்கள் இருக்கிறார்கள். அந்தச் சொல்லின் மூலத்துக்குப் போனால் அங்கே 'வழுக்குவது' என்று இருக்கிறது. கால் வழுக்குவது, கைப்பிடி நழுவுவது.

"நிலையற்றன்னு போட்டுட்டு மேல போங்கம்மா. யாரு படிக்கப் போறா?" என்றார் கமா சார்.

நிலையற்ற என்பது தவறு மேடம். நிலையில்லாதது சும்மா இருக்கும்போதே ஆடும். இது அப்படியில்லை. இதைத் தொந்தரவு செய்யாமல் விட்டால் வைத்த இடத்தில் சமர்த்தாக இருக்கும். வெளியிலிருந்து ஏதாவது வந்து தொட வேண்டும். தொட்டவுடன் மாறும். அதனால் நான் 'வழுவும்' என்று வைத்தேன். வெப்பத்தில் வழுவும் மருந்து. வழுவும் ரத்த அழுத்தம். வழுவும் மனநிலை. எங்கே வைத்தாலும் உட்கார்ந்துகொள்கிறது பாருங்கள்.

"வழுன்னா குத்தம்னு ஒரு அர்த்தம் வருமேம்மா," என்று கமா சார் தலையைச் சொறிந்தார்.

"அது பெயர்ச்சொல் சார். நாம தேடறது பெயரடை."

"இல்ல, இலக்கணப்படி பாத்தா இது பெயரெச்சம்..." என்று இழுத்தார்.

நான் பேனாவை மேசைமேல் வைத்தேன். வைத்தேன், அவ்வளவுதான்.

"சரிம்மா, வழுவும்னே இருக்கட்டும்," என்றார். அந்த ஒரு வாக்கியத்தில் மட்டும் அவர் கமா போடவில்லை. என் பக்கத்து மேசைப் பெண் அன்று மாலையே தன் மேசையை வெந்நீர்க் குடுவைப் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டாள். ஜன்னல் காற்று ஒத்துக்கொள்ளவில்லையாம்.

அந்த வாரம்தான் என் கணவரைப் பற்றி எனக்கு ஒரு தெளிவு பிறந்தது. கல்யாணமான நாளிலிருந்து அவரிடம் ஏதோ ஒன்று என்னை உறுத்திக்கொண்டே இருந்தது. அதற்குப் பெயர் மட்டும் கிடைக்காமல் இருந்தது. இப்போது கிடைத்துவிட்டது. அவருடையது வழுவும் மனநிலை.

அவர் கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்ப்பவர். நாள் முழுக்க இயந்திரத்தின் முன்னால் குனிந்து உட்கார்ந்து, யாரோ ஒருவர் தெளிவாகப் பார்ப்பதற்காகக் கண்ணாடியை மெலிதாக்கிக்கொண்டிருப்பார். எங்களுக்கு ஒரே மகள். சின்னச் சத்தம் கேட்டாலும் காதை விறைத்துக்கொண்டு நிற்கிறாள் என்று அவர் அவளை 'முயல்' என்றுதான் கூப்பிடுவார். நான் வேலை முடிந்து படியேறி வரும்போது கதவுக்கு வெளியே நின்று கேட்டிருக்கிறேன். உள்ளே இரண்டு பேரும் சிரித்துக்கொண்டிருப்பார்கள். அவர் மிருகங்கள் போலக் குரல் மாற்றிப் பேசுவார், அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள். நான் பூட்டில் சாவியைப் போடுவேன். அந்தச் சத்தத்துக்கு உள்ளே எல்லாம் அடங்கிவிடும். குண்டூசி விழுந்தால் கேட்கும். கதவைத் திறந்தால் அவர் செய்தித்தாளை வைத்துக்கொண்டிருப்பார், அவள் பாடப்புத்தகத்தை வைத்துக்கொண்டிருப்பாள். இரண்டு பேர் முகத்திலும் ஈயாடாது.

ஒரு நொடி முன்னால் சிரித்த மனிதர் மறுநொடி இப்படி இருந்தால் அதற்கு வேறு என்ன பெயர்? அதைக் குழந்தையும் பழகிக்கொண்டுவிட்டாளே என்பதுதான் எனக்கு வருத்தம்.

ஒருநாள் சாப்பிடும்போது என் கையிலிருந்து தட்டு வழுவிவிட்டது. வழுவி எதிர்ச் சுவரில் பட்டு உடைந்தது. உடனே இவர் பாய்ந்து எழுந்து முயலை வாரித் தன் முதுகுக்குப் பின்னால் நிறுத்திக்கொண்டார். ஒரு தட்டு உடைந்ததற்கு இவ்வளவு பதற்றமா? அப்பாவே இப்படி நடந்துகொண்டால் குழந்தை பயப்படாமல் என்ன செய்யும்? அவள் அன்று நடுங்க ஆரம்பித்தவள்தான். இரவு படுக்கையை நனைப்பதும் அன்றிலிருந்துதான். இதை நான் அவரிடம் பலமுறை பொறுமையாக எடுத்துச் சொன்னேன். நான் பேசி முடிக்கும்வரை அவர் தலை குனிந்து கேட்டுக்கொண்டிருப்பார். சில சமயம் பேசி முடிக்க விடிந்துவிடும்.

எனக்கும் பயம் உண்டு மேடம். உங்களில் யாரும் அதைக் கேட்கவில்லை. என் பயம் ஒன்றே ஒன்றுதான். ஒருநாள் நான் சாவியைப் போட்டுக் கதவைத் திறப்பேன், உள்ளே சிரிப்பும் இருக்காது, செய்தித்தாளும் இருக்காது, ஒருவரும் இருக்க மாட்டார்கள். பேருந்தில் வரும்போது எங்கள் தெரு முனை நெருங்க நெருங்க உள்ளங்கை ஈரமாகிவிடும்.

கோடை தொடங்கியதும் ஒருநாள் அந்தப் பயம் உருவெடுத்து வந்தது. நான் பின்கட்டில் துணி உலர்த்திக்கொண்டிருந்தேன். அவர் குளியலறைக்குள் நின்று தன் தங்கையோடு தொலைபேசியில் பேசிக்கொண்டிருந்தார். தண்ணீர்க் குழாயைத் திறந்து விட்டிருந்தார். ஆனால் குளியலறை ஜன்னல் நான் நின்ற பக்கம் திறந்திருந்தது.

"இன்னும் கொஞ்ச நாள்தான்மா. முயலுக்குப் பரீட்சை முடியட்டும். வந்துடறோம்," என்றார். பிறகு, "இல்ல, சொல்ல மாட்டேன். சொன்னா போக முடியாது," என்றார்.

வந்துடறோம். என் தொழில் சொற்களைப் பார்ப்பது. அந்தப் பன்மையில் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று எனக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. கையிலிருந்த ஈரத்துணி என் கால்மேல் சொட்டிக்கொண்டே இருந்தது. அன்று மாலை நான் அவர்களுக்குப் பிடித்ததாகச் சமைத்தேன். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே சாப்பிட்டார்கள்.

அவருக்குச் சின்ன வயதிலிருந்தே சர்க்கரை வியாதி. இன்சுலின் ஊசி போடாமல் அவருக்கு நாள் நகராது. குப்பி குளிர்பெட்டியில் முட்டைத் தட்டுக்குக் கீழே இருக்கும். அதன் மருந்துப் பெட்டிக்குள் மடித்திருந்த தாள் எங்கள் அலுவலகத்தில் செய்ததுதான். 'இம்மருந்து வெப்பத்தில் வழுவும் தன்மையுடையது. வெயில் படும் இடத்தில் வைக்கக் கூடாது' என்பது என் வாக்கியம். புதுத் தாள் அச்சாகி வந்தபோது அதை அவரிடம் காட்டி, படியுங்கள் என்றேன். "நீ எழுதினா சரியாத்தான் இருக்கும்," என்று சொல்லி மடித்து வைத்துவிட்டார். அதற்குமேல் ஒரு மனைவி என்ன செய்ய முடியும்?

காலையில் அவர் முதலில் கிளம்புவார், பிறகு முயல், கடைசியாக நான். கோடையில் கடையில் வேலை கூடியிருந்ததால், மாலையில் அவருக்கு முன்னால் நான் வந்துவிடுவேன். வீட்டின் பின்னறை ஜன்னலில் பகல் முழுக்க வெயில் விழும். நான் குப்பியை எடுத்து அந்த ஜன்னலில் வைத்துவிட்டுப் போனேன், வந்ததும் திருப்பி வைத்தேன். நான் செய்தது இவ்வளவுதான். எதையும் கலக்கவில்லை. எதையும் குறைக்கவில்லை. ஒரு பொருளை அதன் பெயரடையோடு சேர்த்து வைத்தேன்.

அவரைக் கொல்ல வேண்டும் என்று எனக்கு எண்ணமே கிடையாது. அவர் கிளம்பக் கூடாது. கிளம்புவதற்குத் தெம்பு வேண்டுமல்லவா? அந்தத் தெம்பை மட்டும் கொஞ்சம் தள்ளிவைத்தேன்.

ஒருநாள் நான் வந்தபோது குப்பி ஜன்னலில் இல்லை. குளிர்பெட்டியில், முட்டைத் தட்டுக்குக் கீழே, அதன் இடத்தில் இருந்தது. முயல் பள்ளி விட்டு வந்ததும் பார்த்து, யாரோ மறந்துவிட்டார்கள் என்று எடுத்து வைத்திருக்கிறாள். அப்பாவின் மருந்து என்றால் அவளுக்கு அவ்வளவு அக்கறை. நான் அவளை அடிக்கவில்லை. என் மகளை நான் அடித்ததே இல்லை, யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள். அவளை என் முன்னால் உட்கார வைத்துப் பேசினேன். ஜன்னல் வெளிச்சம் மங்கும்வரை பேசினேன். அப்பா செத்துப்போனால் அதற்கு யார் காரணமாவார்கள், வீட்டுப் பொருளைக் கேட்காமல் தொடும் பிள்ளைகளை எங்கே கொண்டுபோய் விடுவார்கள் என்றெல்லாம் அவளுக்குப் புரியும்படி சொன்னேன். எழுந்தபோது அவள் உட்கார்ந்த இடம் நனைந்திருந்தது. அதன் பிறகு அவள் குளிர்பெட்டிப் பக்கமே போகவில்லை. தாகம் எடுத்தால் குழாய்த் தண்ணீரைக் குடித்தாள்.

அவர் மெல்ல மெல்லத் தளர்ந்தார். எவ்வளவு குடித்தாலும் தாகம் அடங்கவில்லை. சட்டை தோளிலிருந்து தொங்கியது. லென்ஸின் விளிம்பு இரண்டாகத் தெரிகிறது என்றார். சீக்கிரமே கடைக்குப் போவதை நிறுத்திக்கொண்டார். பரீட்சை முடிந்தது, விடுமுறை வந்தது, கிளம்புகிற பேச்சே இல்லை. மாடிப்படியில் என் தோளைப் பிடித்துக்கொண்டு ஏறுவார். கல்யாணமான புதிதில்கூட அவர் அப்படி என் தோளைப் பிடித்ததில்லை.

நான் அவரை மருத்துவரிடம் அழைத்துப் போனேன். தவறாமல் அழைத்துப் போனேன் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

"வேளாவேளைக்கு ஊசி போட்டுக்கறாரா?" என்று மருத்துவர் கேட்டார்.

"என் கண் முன்னாடிதான் போட்டுக்கறார் டாக்டர்."

அவர் அளவைக் கூட்டினார். அடுத்த முறை இன்னும் கூட்டினார். மதியமும் ஓர் ஊசி சேர்த்தார். ஒருநாள் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, "சிலருக்கு இப்படித்தான்மா. எவ்வளவு போட்டாலும் பிடிபடாது. உங்க வீட்டுக்காரருக்கு சுகர் லேபைலா இருக்கு," என்றார்.

எனக்கு உடம்பு சிலிர்த்தது மேடம். ஒரு மருத்துவர் வாயிலிருந்து, என் காதாலேயே, அந்தச் சொல். "தமிழ்ல வழுவும் சர்க்கரைன்னு சொல்லலாம் டாக்டர்," என்றேன். அவர் கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டு, "நல்லா இருக்கே," என்றார். வீடு வரும்வரை நான் அதையே சொல்லிக்கொண்டு வந்தேன். என் கணவர் ஆட்டோவின் கம்பியில் தலையைச் சாய்த்துக்கொண்டு கேட்டுக்கொண்டே வந்தார்.

அவர் வீட்டிலேயே இருந்ததால் பின்னறை ஜன்னல் தோதுப்படவில்லை. மருந்து வாங்கி வருவது நான்தான் என்பதால் புதுக் குப்பியை என் அலுவலக ஜன்னலில் சில நாள் வைத்திருந்து கொண்டுவந்தேன். பக்கத்தில் மேசை இல்லாதது வசதியாகப் போயிற்று. எங்கள் வாழ்க்கையிலேயே நிம்மதியான காலம் அதுதான். சாவி போட்டால் உள்ளே எந்த மாற்றமும் இருக்காது. சாவி போடுவதற்கு முன்னாலும் அமைதி, பின்னாலும் அமைதி. அவர் மனநிலை வழுவுவது நின்றே போயிற்று.

அப்போதுதான் என் நாத்தனார் வந்தாள்.

அவள் டாக்சி ஓட்டுபவள். ஊரெல்லாம் சுற்றுகிறவளுக்கே உரிய சத்தமும் கையசைப்பும் அவளுக்கு உண்டு. சொல்லாமல் கொள்ளாமல் ஒருநாள் காலை வந்து நின்றாள். அண்ணன் தொலைபேசியை எடுக்கவில்லையாம். உள்ளே வந்து அவரைப் பார்த்தவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"என்னண்ணா இது, எலும்பும் தோலுமா... என்ன அண்ணி, எனக்கு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"சுகர் வழுவுது," என்றேன்.

"என்னது?"

நான் விளக்க ஆரம்பித்தேன். அவள் கேட்கவில்லை. முயல் ஓடிவந்து அவள் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். பேசவும் இல்லை, விடவும் இல்லை. அவளை இடுப்பில் ஒட்டவைத்தபடியே நாத்தனார் வீட்டைச் சுற்றி வந்தாள். குளிர்பெட்டியைத் திறந்தாள். குப்பியை எடுத்து வெளிச்சத்தில் பார்த்தாள்.

"லேபிள் ஏன் இப்படி வெளுத்துப் போயிருக்கு? பழைய சரக்கைத் தள்ளிவிட்டுட்டாங்க போல," என்று குப்பையில் எறிந்தாள். டாக்சியை எடுத்துக்கொண்டு போய்ப் பெரிய மருந்துக்கடையிலிருந்து புதுக் குப்பி வாங்கி வந்தாள். வரும் வழியெல்லாம் அதைப் பனிக்கட்டிப் பையில் வைத்துக் கொண்டுவந்தாள். படிக்காதவள் என்று நான் நினைத்திருந்தேன். இந்த விஷயத்தில் மிகச் சரியாக நடந்துகொண்டாள்.

மேடம், இங்கேதான் உங்கள் அறிக்கையில் ஒரு பிழை இருக்கிறது. 'கெட்டுப்போன மருந்தைத் தொடர்ந்து கொடுத்ததால் மரணம்' என்று எழுதியிருக்கிறீர்கள். நான் இன்று வாய் திறந்ததே இதைத் திருத்தத்தான். முயல் உங்களிடம் ஜன்னலைப் பற்றிச் சொல்லிவிட்டாள் என்பதற்காக இல்லை. குழந்தை சொன்னது சரிதான், ஆனால் அவளுக்குப் பாதிதான் தெரியும். கெட்டுப்போன மருந்தால் அவர் சாகவில்லை. நல்ல மருந்தால் செத்தார்.

மருத்துவர் கூட்டிக் கூட்டி எழுதிய அளவெல்லாம் வெயிலில் வழுவிய மருந்துக்கான அளவு. அது பெரும்பாலும் தண்ணீர் மாதிரிதான். அதே அளவை வழுவாத மருந்தில் போட்டால் ரத்தத்தில் சர்க்கரை ஒரேயடியாக இறங்கிவிடும். ஆள் வியர்ப்பார், குழறுவார், மயங்குவார். உடனே கொஞ்சம் சர்க்கரை கொடுத்தால் எழுந்துவிடுவார். கொடுக்காவிட்டால் எழ மாட்டார். இதெல்லாம் அந்தத் தாளின் பின்பக்கத்தில் இருக்கிறது. அதையும் நான்தான் மொழிபெயர்த்தேன்.

மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் நாத்தனார் ஊசியை எடுத்துக்கொண்டு கேட்டாள். "அண்ணி, வழக்கமா எவ்வளவு போடுவீங்க?"

நான் அப்போது சொல்லிவிடலாம் என்றுதான் இருந்தேன். உண்மையாகவே வாயைத் திறந்தேன். அந்த நேரம் பார்த்து என் கணவர், பல மாதம் கழித்து முதல்முறையாக, தெளிவான குரலில் பேசினார்.

"போட்டுட்டுச் சாப்பிட்டு இன்னைக்கே கிளம்பிடலாம்மா. முயல் துணியை எடுத்து வை."

என் முன்னாலேயே சொன்னார். என்னைப் பார்க்காமல் சொன்னார். முயல் என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள். அவள் பல் அடித்துக்கொள்ளும் சத்தம் எனக்குக் கேட்டது.

எனக்கு அந்தப் பழைய பயம் வந்துவிட்டது. காலுக்குக் கீழே தரை வழுக்கியது. திறந்த வாயால் அளவைச் சொன்னேன். மருத்துவர் கடைசியாக எழுதிய அதே அளவு. கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. "ரொம்ப அதிகமா இருக்கே அண்ணி," என்றாள். மருத்துவர் சீட்டை எடுத்துக் காட்டினேன். அவளே போட்டுவிட்டாள்.

அவர் இரண்டு வாய் சாப்பிட்டார். கிளம்புவதற்கு முன் கொஞ்சம் படுக்கிறேன் என்று போய்ப் படுத்தார். நாத்தனாரும் முயலும் பைகளைக் கட்டிக் கீழே டாக்சிக்குக் கொண்டுபோனார்கள். நான் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தேன்.

முதலில் நெற்றி வியர்த்தது. துண்டால் துடைத்தேன். பிறகு சட்டை முழுக்க நனைந்தது. கை நடுங்கியது. அவர் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தார். என் மணிக்கட்டைப் பிடித்தார். அந்த மெலிந்த கையில் அவ்வளவு பலம் எங்கிருந்து வந்ததோ. "சக்கரை," என்றார். வார்த்தை குழறியது, ஆனாலும் எனக்குப் புரிந்தது. சொற்கள் எவ்வளவு சிதைந்திருந்தாலும் எனக்குப் புரியும். சர்க்கரை டப்பா அடுப்பறைத் தட்டில், எழுந்தால் எடுத்துவிடும் இடத்தில்தான் இருந்தது. ஆனால் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டிருந்தாரே. அவர் என்னை விட விரும்பவில்லை என்று எனக்குத் தோன்றியது. நான் எப்படி எழுந்திருப்பேன்?

கீழே தெருவில் முயல் சிரித்தாள். நாத்தனார் ஏதோ குரல் மாற்றிப் பேசியிருப்பாள் போல. அந்தச் சிரிப்பு அவர் காதிலும் விழுந்திருக்க வேண்டும். தலையை அந்தப் பக்கம் திருப்ப முயன்றார்.

கொஞ்ச நேரம் கழித்து நாத்தனார் மேலே வந்து கதவருகில் நின்றாள். "எழுப்பட்டுமா அண்ணி? நேரமாகுதே."

"வேண்டாம். ரொம்ப நாள் கழிச்சு நல்லாத் தூங்கறார். இன்னும் கொஞ்ச நேரம் விடு," என்றேன்.

அவள் வேர்வையைப் பார்த்தாள். "என்ன இப்படி வேர்க்குது?"

"வெயில் காலம்," என்றேன்.

அவள் மறுபடி கீழே போனாள். என் அந்த ஒரு வார்த்தையை நம்பிப் போனதற்கும் சேர்த்துத்தான் இப்போது தலையில் அடித்துக்கொண்டு அழுகிறாள். நான்தான் என் அண்ணனைக் கொன்னுட்டேன், என் கையாலயே ஊசி போட்டுட்டேன் என்று அவள் கதறியதைப் பல நாள் நான் கேட்டுக்கொண்டுதான் இருந்தேன். அவளை மறுக்க எனக்கு மனம் வரவில்லை. துக்கத்தில் இருப்பவர்களின் பேச்சை நாம் திருத்தக் கூடாது. ஆனால் எழுத்தில் வரும்போது திருத்தித்தான் ஆக வேண்டும். எழுதிக்கொள்ளுங்கள். அவள் போடவில்லை. நான் போடவைத்தேன். அளவு சொல்லும்போது எனக்குத் தெரியும். வியர்வையைத் துடைக்கும்போது தெரியும். அவர் சர்க்கரை கேட்டபோதும் தெரியும். அவர் கை தளர்ந்து என் மடியில் விழும்வரை நான் எழுந்திருக்கவில்லை. தெரிந்தே கொன்றேன் என்று வேண்டுமானால் போட்டுக்கொள்ளுங்கள், வாக்கியம் சரியாகத்தான் இருக்கிறது. அவர் எங்கேயும் போகவில்லை என்பதையும் அதோடு சேர்த்துக்கொள்ளுங்கள்.

கையெழுத்து எங்கே போட வேண்டும்?

முயல் இப்போது அத்தை வீட்டில் இருக்கிறாள் என்று காலையில் சொன்னீர்கள். சாப்பிடுகிறாளாம், ஆனால் யார் கதவைத் தட்டினாலும் கட்டிலுக்கு அடியில் போய்விடுகிறாளாம். உங்களைப் பார்க்கும்போதெல்லாம், அம்மா வந்துடுவாங்களா, அம்மா வந்துடுவாங்களா என்று அதே கேள்வியைக் கேட்கிறாளாம். நீங்கள் அதைச் சொன்னபோது என் கண் நிறைந்துவிட்டது. பாவம், அப்பாவின் பக்கத்திலேயே வளர்ந்த குழந்தை. அந்தப் பயம் அவ்வளவு சீக்கிரம் போகாது. நான் கூட இருந்தால் சரியாகிவிடும். எத்தனை வருடமானாலும் அம்மா கண்டிப்பாக வருவேன் என்று அவளிடம் சொல்லுங்கள் மேடம். என் வாயால் சொன்னதாகவே சொல்லுங்கள். அதைக் கேட்டால்தான் அவள் நடுக்கம் நிற்கும்.